தம் கட்டினால் சமாதி கிட்டுமா? மூச்சடக்கத்தின்போது உடம்புக்குள் நடப்பது

மேட்டூர் திறந்து தண்ணீர் வந்து சேர்ந்துவிட்டால் குத்தாலம், ஆடுதுறை, மாயவரம் பக்கத்துப் படித்துறைகளில் சாயங்காலம் பையன்கள் கூட்டம்தான். தம் கட்டி முங்கி யார் அதிக நேரம் உள்ளே இருக்கிறார்கள் என்று பார்ப்பது அவர்களுடைய தாத்தா காலத்து விளையாட்டு. இப்போது அதில் புதிதாக ஒன்று சேர்ந்திருக்கிறது. முங்குவதற்கு முன்னால் கரையில் உட்கார்ந்து முப்பது, நாற்பது தடவை புஸ் புஸ்ஸென்று வேகமாக மூச்சை இழுத்து விடுகிறார்கள். என்னடா இது என்று கேட்டால், "வாசி யோகம்ணே, இப்படிச் செஞ்சுட்டு உள்ள போனா மூச்சே முட்டாது, அப்படியே சமாதி மாதிரி இருக்கும்" என்று பதில் வருகிறது. செல்போனில் பார்த்துக் கற்றுக்கொண்டது.

மூச்சு முட்டாது என்று அவர்கள் சொல்வது உண்மை. அவர்களைக் கொல்லக்கூடியதும் அதே உண்மைதான்.

பெரியவர்களின் பேச்சும் தெளிவாக இல்லை. சித்தர்கள் மூச்சை நிறுத்தியே காலம் கடந்து வாழ்ந்தார்கள், நாம் இரண்டு நிமிடம் நிறுத்தினால் என்ன என்று ஒரு கட்சி. எல்லாம் கட்டுக்கதை என்று இன்னொரு கட்சி. மூச்சை அடக்கும்போது உடம்புக்குள் என்ன நடக்கிறது என்பதை இரண்டு கட்சியும் பேசுவதில்லை. பத்தாம் வகுப்பு அறிவியல் தெரிந்த யாருக்கும் இது புரியும். ஒரு தடவை புரிந்துகொண்டால், எதைப் பயமில்லாமல் செய்யலாம், எதைத் தொடவே கூடாது என்பதும் தெளிவாகிவிடும்.

## ஒரே பெயரில் மூன்று காரியங்கள்

'பிராணாயாமம்' என்ற ஒரே பெயரை மூன்று வெவ்வேறு காரியங்களுக்கு வைத்துக்கொண்டிருக்கிறோம்.

முதலாவது மெதுவான மூச்சு. நிதானமாக இழுத்து, அதைவிட நிதானமாக விடுவது. மூச்சை உள்ளே இழுப்பதற்குப் பூரகம் என்றும், உள்ளே நிறுத்துவதற்குக் கும்பகம் என்றும், வெளியே விடுவதற்கு ரேசகம் என்றும் பெயர்.

இரண்டாவது வேக மூச்சு. உடம்புக்குத் தேவையில்லாதபோதும் வேகமாகவும் ஆழமாகவும் மூச்சுவிட்டுக்கொண்டே இருப்பது. இதை இந்தக் கட்டுரையில் மிகைமூச்சு என்று சொல்கிறேன்.

மூன்றாவது, மிகைமூச்சு விட்டவுடனே மூச்சை நிறுத்துவது. படித்துறைப் பையன்கள் செய்வது இந்த மூன்றாவதைத்தான். ஆபத்தும் பெரும்பாலும் இங்கேதான்.

## திருவாவடுதுறையில் தொடங்கிய பேச்சு

நம் பக்கத்தில் இந்தப் பேச்சுக்கு வேர் ஆழமானது. திருமூலர் இருந்த ஊர் என்று திருவாவடுதுறையைச் சொல்கிறோம். சாத்தனூர் இடையன் மூலன் இறந்துகிடக்க, அவனைச் சுற்றி நின்று கதறிய பசுக்களின் துயரம் பொறுக்காமல் அவ்வழியே வந்த சிவயோகி ஒருவர் அவன் உடம்புக்குள் புகுந்து திருமூலர் ஆனார், பிறகு ஆவடுதுறை அரசமரத்தடியில் யோகத்தில் அமர்ந்து ஆண்டுக்கு ஒரு பாட்டாக மூவாயிரம் பாடினார் என்பது வரலாறு. நாகப்பட்டினம் பக்கம் வடக்குப் பொய்கைநல்லூரில் கோரக்கர் சமாதி இருக்கிறது. சதாசிவ பிரம்மேந்திரர் காவிரி மணலில் தியானத்தில் இருந்தபோது வெள்ளம் வந்து மூடிவிட, பல நாள் கழித்து மண்ணைத் தோண்டியவர்கள் அவரை உயிரோடு கண்டார்கள் என்றும் கேட்டு வளர்ந்திருக்கிறோம்.

இந்த வரலாறுகளை நான் மதிக்கிறேன். அரசமரத்தடிக்குப் போனால் கைகூப்பாமல் வருவதில்லை. ஆனால் பக்தியோடு சொல்லப்பட்ட வரலாற்றைப் பயிற்சிக் குறிப்பாக எடுத்துக்கொண்டு ஆற்றில் இறங்குவது வேறு விஷயம்.

பயிற்சிக் குறிப்பு வேண்டும் என்றால் திருமந்திரத்திலேயே இருக்கிறது. மூன்றாம் தந்திரத்தில் அட்டாங்க யோகம் வருகிறது. எட்டு உறுப்புகளில் பிராணாயாமம் நான்காவது, சமாதி எட்டாவது. அதற்கு முன்னால் இயமம், நியமம், ஆதனம், அதாவது ஒழுக்கமும் உடம்பை அசையாமல் இருத்தப் பழகுவதும். மூச்சுக்கு அவர் சொல்லும் அளவு 16 இழுப்பது, 64 நிறுத்துவது, 32 விடுவது. விடுவது இழுப்பதைப்போல் இரண்டு மடங்கு. அந்தக் கணக்கில் புஸ் புஸ்ஸுக்கு இடமே கிடையாது. இந்த எண்கள் மாத்திரைக் கணக்கு. மாத்திரை என்றால் கண் இமைக்கிற, கை நொடிக்கிற நேரம். இதை விநாடி என்று எண்ணிக்கொண்டு முதல் நாளே 64 விநாடி மூச்சைப் பிடிக்கிறவர்கள் இருக்கிறார்கள். நீண்ட பழக்கத்துக்குப் பிறகு எட்டவேண்டிய அளவு அது, முதல் நாள் பாடம் கிடையாது.

இதுவரை பார்த்தது இவ்வளவுதான்: மெதுவான மூச்சு ஒன்று, மிகைமூச்சு ஒன்று, மிகைமூச்சுக்குப் பின் நிறுத்துவது ஒன்று. திருமூலர் பெயரைச் சொல்லிப் பரப்பப்படுவது மூன்றாவது. அவர் எழுதியது முதல் வகை.

## மூச்சு முட்டுவது எதனால்?

இதுதான் மையம். கொஞ்சம் நின்று படியுங்கள்.

மூச்சை அடக்கினால் கொஞ்ச நேரத்தில் நெஞ்சு தவிக்கிறது, தொண்டை துடிக்கிறது, விட்டால் போதும் என்றாகிறது. ஆக்சிஜன் தீர்ந்துபோனதால்தான் இந்தத் தவிப்பு என்று கிட்டத்தட்ட எல்லோரும் நினைக்கிறார்கள். பெரும்பாலும் அப்படி இல்லை. தவிப்பைக் கிளப்புவது ஆக்சிஜனின் குறைவைவிட, ரத்தத்தில் சேரும் கரியமில வாயுவின் மிகுதி. செல்கள் ஆக்சிஜனைச் செலவழித்துவிட்டு வெளியே தள்ளும் கழிவுதான் கரியமில வாயு. மூளையின் அடியில், தண்டுவடத்தோடு சேருமிடத்தில், முகுளம் என்றொரு பகுதி இருக்கிறது. மூச்சை நடத்துகிற மேஸ்திரி அதுதான். அங்கே உள்ள உணரிகள் இந்தக் கழிவு ஏறுவதைப் பார்த்துக்கொண்டே இருக்கின்றன. ஏறினால், மூச்சு விடு என்று விரட்டும்.

ஆக்சிஜனைப் பார்க்கும் உணரிகளும் இல்லாமல் இல்லை. கழுத்தில் துடிப்பு பார்க்கும் இடத்தருகே, பெரிய ரத்தக்குழாய் பிரியும் இடத்தில் இருக்கின்றன. ஆனால் ஆக்சிஜன் நன்றாக இறங்கிய பிறகுதான் அவை பலமாகக் குரல் கொடுக்கும்.

ஒரு கல்யாண மண்டபத்துச் சமையற்கட்டை நினைத்துக்கொள்ளுங்கள். மாடியில் நல்ல தண்ணீர்த் தொட்டி. கீழே கழிவுநீர்க் குழி. தொட்டியில் எவ்வளவு மிச்சம் என்று கீழிருந்து பார்க்க முடியாது. குழியில் மட்டும் ஒரு மிதவை வைத்து மணி கட்டியிருக்கிறார்கள். மேலே எவ்வளவு செலவாகிறதோ அவ்வளவு கீழே சேரும் என்பதால், குழி நிரம்பி மணி அடித்தால் மோட்டார் போடவேண்டிய நேரம் என்று அர்த்தம். குழி என்றைக்குமே காலியாக இருக்காது, எப்போதும் ஒரு முக்கால் அளவு கிடக்கும். அதனால் மணி சீக்கிரமே அடித்துவிடும், தொட்டியில் நிறையத் தண்ணீர் இருக்கும்போதே. பாதுகாப்பான ஏற்பாடு.

இப்போது ஒரு ஆள் வருகிறார். சமையல் தொடங்கும் முன்பே குழியை அடிவரை இறைத்துக் கொட்டிவிடுகிறார். மேலே தொட்டி ஏற்கெனவே தளும்பத் தளும்ப இருக்கிறது, அதில் கூடுதலாக ஒரு குடம்கூட ஊற்ற முடியாது. அவரோ தொட்டியை நிரப்பிவிட்டதாக நினைத்துக்கொண்டு அடுப்பைப் பற்றவைக்கிறார். சமையல் நடக்கிறது. தொட்டி இறங்கிக்கொண்டே வருகிறது. குழி காலியாகத் தொடங்கியதால் இன்னும் பாதிகூட நிரம்பவில்லை. மணி அடிக்கவே இல்லை. குழாயில் காற்று வருகிறபோதுதான் விஷயம் தெரிகிறது.

தொட்டி ஆக்சிஜன், குழி கரியமில வாயு, மணி முகுளம். குழியை இறைத்துக் கொட்டியவர் மிகைமூச்சு விட்ட பையன்.

## 'ஆக்சிஜனை ஏத்திக்கிறேன்'

வேகமாக மூச்சு விட்டால் ரத்தத்தில் ஆக்சிஜன் ஏறும் என்ற நம்பிக்கையை உடைக்கப் பெரிய ஆய்வுக்கூடம் வேண்டாம். கொரோனா நாளில் வாங்கி அலமாரியில் போட்டிருக்கும் ஆக்ஸிமீட்டர் போதும். சும்மா உட்கார்ந்து விரலில் மாட்டினால் ஆரோக்கியமான ஆளுக்கு 97, 98 என்று காட்டும். நூற்றுக்கு 98 பங்கு நிறைந்துவிட்ட ரத்தத்தில் இனி எவ்வளவு ஏற்ற முடியும்? எவ்வளவு வேகமாக மூச்சு விட்டாலும் ஒன்றோ இரண்டோதான் கூடும்.

கரியமில வாயுவின் கதை வேறு. ரத்தத்தில் அதன் அழுத்தம் சாதாரணமாக 40 மில்லிமீட்டர் பாதரசம் அளவில் இருக்கும். ரத்த அழுத்தத்தை அளக்கும் அதே அலகுதான். ஓரிரு நிமிடம் கடுமையாக மிகைமூச்சு விட்டால் இது பாதியாகவே இறங்கிவிடலாம். ஆக, வேக மூச்சில் நாம் சேர்த்துக்கொள்வது மிகக் கொஞ்சம். தொலைப்பது எச்சரிக்கை மணியை.

## முத்திரை 'தானாக' விழுவது ஏன்?

ஒரு பையன் என்னிடம் கண் விரியச் சொன்னான்: "ரெண்டு கையும் தானா முத்திரை புடிச்சிடுச்சுண்ணே, நான் எதுவுமே செய்யல." கையை அப்படியே செய்தும் காட்டினான். மணிக்கட்டு உள்பக்கம் வளைந்து, விரல்கள் நீட்டி விறைத்து ஒன்றோடொன்று ஒட்டி, கட்டைவிரல் உள்ளங்கைக்குள் மடங்கி. உதட்டைச் சுற்றி எறும்பு ஊர்வதுபோல் இருந்ததாம். சக்தி ஏறுகிறது என்று கூட இருந்தவர்கள் சொல்லியிருக்கிறார்கள்.

அவன் பொய் சொல்லவில்லை. மருத்துவர்கள் இந்தக் கையைப் பார்த்தவுடன் அடையாளம் கண்டுகொள்வார்கள். பரீட்சைப் பயத்தில் மூச்சு வாங்கி அவசரப் பிரிவுக்கு வருகிற பிள்ளைகளிடம் இதையே பார்க்கலாம். கரியமில வாயு ரத்தத்தில் லேசான அமிலமாக இருக்கும். அதை அளவுக்கு மேல் வெளியேற்றினால் ரத்தம் காரத்தன்மைக்குச் சாய்கிறது. அப்போது நரம்புகளுக்குக் கிடைக்கிற கால்சியம் குறைந்து, அவை காரணமில்லாமல் சுண்டத் தொடங்குகின்றன. முதலில் உதட்டிலும் விரல் நுனியிலும் குறுகுறுப்பு, அப்புறம் கைவிரல் இறுக்கம். மூச்சு சாதாரணமானால் கொஞ்ச நேரத்தில் கை தானே விட்டுவிடும்.

தலைக்குள் நடப்பது இதைவிட முக்கியம். மூளையின் ரத்தக்குழாய்கள் விரிந்து கொடுப்பதற்குக் கரியமில வாயு வேண்டும். அது குறைந்தால் குழாய்கள் சுருங்கும். அழுத்தம் 40இலிருந்து பாதியாக இறங்கினால் மூளைக்குப் போகும் ரத்தம் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் குறைந்துவிடும். உடம்பின் எடையில் சுமார் 2 சதவீதம்தான் மூளை. அது கேட்பதோ மொத்த ஆக்சிஜனில் சுமார் 20 சதவீதம். அவ்வளவு பசியுள்ள உறுப்புக்குக் கால்வாயைச் சுருக்கினால் என்ன ஆகும்? தலை மிதக்கும். பார்வையின் ஓரங்கள் இருண்டு நடுவில் மட்டும் வெளிச்சம் தெரியும். சத்தம் தூரத்தில் கேட்கும். உடம்பு தன்னுடையதில்லை என்று தோன்றும். ஆக்சிஜன் குறையக் குறையக் காரணமில்லாத ஒரு ஆனந்தமும் வரும். விமானிகளுக்கும் மலையேறுபவர்களுக்கும் இதைத் தனியாக எச்சரித்துச் சொல்லிக்கொடுக்கிறார்கள், ஏனென்றால் அந்த ஆனந்தத்தில் இருக்கிற ஆளுக்குத் தான் ஆபத்தில் இருப்பது தெரியாது.

நடுவில் ஒளி, உடல் மறப்பு, ஆனந்தம். சமாதி பற்றிக் கேள்விப்பட்ட எல்லாமே இந்தப் பட்டியலில் இருப்பதால்தான் பையன்கள் ஏமாறுகிறார்கள்.

இதுவரை வந்ததைச் சேர்த்துப் பார்த்தால்: மிகைமூச்சு ஆக்சிஜனைக் கூட்டுவதில்லை, கரியமில வாயுவைக் குறைக்கிறது. அதனால் எச்சரிக்கை தள்ளிப்போகிறது, மூளைக்கு ரத்தம் குறைகிறது. குறுகுறுப்பும் ஒளியும் மிதப்பும் அதன் அறிகுறிகள்.

## அப்படியானால் மெய்மறப்பதே பொய்யா?

பொய் என்று நான் சொல்லமாட்டேன். இங்கேதான் 'எல்லாம் கட்டுக்கதை' கட்சியோடு எனக்குப் பிணக்கு.

மனம் ஒன்றிலேயே முழுதாக ஊன்றும்போது நேரம் தெரியாமல் போகும், உடம்பின் நினைவு மங்கும். ராத்திரிப் புறப்பாட்டில் நாகஸ்வரக்காரர் ஒரு ராகத்தை எடுத்து ஆற அமர ஆலாபனை செய்யும்போது, கால் கடுக்க நிற்பதே தெரியாமல் நிற்பவர்கள் இன்றைக்கும் இருக்கிறார்கள். அவர்கள் மூச்சு குறையவில்லை, மூளைக்கு ரத்தம் குறையவில்லை. கவனம் ஒரு முனையில் குவிந்திருக்கிறது, அவ்வளவுதான். பக்கத்தில் குழந்தை அழுதால் உடனே திரும்பிப் பார்ப்பார்கள்.

அட்டாங்க யோகத்திலும் பிராணாயாமத்துக்கும் சமாதிக்கும் நடுவில் பிரத்தியாகாரம், தாரணை, தியானம் என்று மூன்று படிகள் இருக்கின்றன. மூன்றுமே கவனத்தைப் பழக்குகிற படிகள். மூச்சை நிறுத்தி நான்கிலிருந்து எட்டுக்குத் தாவலாம் என்று அந்த நூல் எங்கும் சொல்லவில்லை.

கவனத்தால் வரும் மெய்மறதியிலும் மூச்சு வறண்டு வரும் மயக்கத்திலும் ஆள் வெளிப்பார்வைக்கு ஒன்றுபோல் அசையாமல் இருப்பார். உள்ளே முதலாமவருடைய மூளை முழுதாக வேலை செய்துகொண்டிருக்கிறது, இரண்டாமவருடையது அணைந்துகொண்டிருக்கிறது.

## தரையில் மயக்கம், தண்ணீரில் மரணம்

அறைக்குள் பாயில் உட்கார்ந்து இதைச் செய்து மயங்கினால் பெரும்பாலும் பிழைத்துக்கொள்வார்கள். நினைவு தப்பியதும் பிடிவாதமும் போய்விடும், முகுளம் தன் வேலையைத் தொடங்கி மூச்சு தானே வரும். நின்றபடி செய்து கருங்கல் படியில் தலை மோதினால் கதை வேறு.

தண்ணீருக்குள் மயங்கினால் அதே முகுளம் அதே வேலையைச் செய்யும். மூச்சை இழுக்கும். ஆனால் வருவது தண்ணீர்.

கூட இருப்பவர்களுக்கும் தெரியாது என்பது இதில் இன்னும் கொடுமை. தவிப்பு வராததால் கை கால் அடிப்பதில்லை, குமிழி பொங்குவதில்லை, சத்தமில்லை. புதுத்தண்ணீர் செம்மண் கலங்கலாக வரும். ஒரு முழத்துக்குக் கீழே நம் கையே நமக்குத் தெரியாது. "இன்னும் தம் புடிக்கிறான்டா" என்று மேலே எண்ணிக்கொண்டிருப்பார்கள். இழுப்பு இருந்தால் ஆள் அதற்குள் படித்துறையைத் தாண்டியிருப்பார். ஆக்சிஜன் முழுதாக நின்றுபோனால் நான்கைந்து நிமிடத்தில் மூளை நிரந்தரமாகப் பழுதாகத் தொடங்கிவிடும்.

நன்றாக நீந்தத் தெரிந்தவர்களுக்கு இதனால் ஆபத்து குறைவதில்லை. தெம்பாக இருப்பவர்கள்தான் மிகைமூச்சு விட்டு அதிக நேரம் முயல்கிறார்கள்.

## எதைச் செய்யலாம், எதை விடவேண்டும்

மெதுவான மூச்சில் பயம் வேண்டாம். உட்கார்ந்து, நிமிர்ந்து, இழுப்பதைவிட விடுவதைச் சற்று நீட்டி, நிமிடத்துக்கு ஆறேழு மூச்சு என்று வந்தால் இதயத் துடிப்பு அடங்கி மனமும் அமரும். கும்பகம் வேண்டும் என்றால் ஆளைப் பார்த்துச் சொல்லித்தருகிற ஒருவரிடம் நேரில் பழகுங்கள். நெஞ்சு கேட்டால் விட்டுவிடுங்கள். அந்தத் தவிப்பு வெல்லவேண்டிய எதிரி இல்லை. உங்களைக் காப்பாற்றும் மணி அது.

கபாலபாதி, பஸ்திரிகா போன்ற வேகமான பயிற்சிகளை வலிப்பு உள்ளவர்கள், இதய நோய், அதிக ரத்த அழுத்தம் உள்ளவர்கள், கர்ப்பிணிகள் மருத்துவரைக் கேட்காமல் செய்யவேண்டாம். வலிப்பைக் கண்டறிய மூளை மின்பதிவு எடுக்கும்போது மருத்துவர்களே நோயாளியைச் சுமார் மூன்று நிமிடம் வேகமாக மூச்சுவிடச் சொல்வார்கள், மறைந்திருக்கும் வலிப்பின் தடயத்தை அது வெளியே கொண்டுவரும் என்பதால். கண்காணிப்போடு அங்கே செய்வதை வீட்டில் தனியாகச் செய்து பார்க்கக் கூடாது.

தண்ணீருக்குப் பக்கத்தில் மிகைமூச்சு என்ற பேச்சே வேண்டாம். ஆறு, குளம், பம்புசெட் தொட்டி, நீச்சல் குளம் எல்லாவற்றுக்கும் இது பொருந்தும். மயங்கினவர் மூழ்க இடுப்பளவுத் தண்ணீரே போதும். ஆடிப்பெருக்குக்கும் ஐப்பசியில் துலாக்கட்டத்துக்கும் குடும்பத்தோடு போகிறவர்கள் பிள்ளைகளிடம் ஒரு வார்த்தை இதைச் சொல்லிவிடுங்கள். "ஆழத்துக்குப் போகாதே" என்று மட்டும் சொன்னால் போதாது.

## முங்கினவர் எழவில்லை என்றால்

எண்ணிக்கொண்டு நிற்கவேண்டாம். குரல் கொடுத்து ஆள் சேருங்கள். நீந்தத் தெரியாதவர் குதிக்காமல் வேட்டி, துண்டு, கயிறு, கழி எதையாவது நீட்டவேண்டும்.

கரைக்குக் கொண்டுவந்ததும் கூப்பிட்டுப் பாருங்கள், மூச்சு வருகிறதா என்று பாருங்கள். இல்லை என்றால் ஒருவர் 108க்கு அழைக்கட்டும், இன்னொருவர் உடனே தொடங்கட்டும். காலைப் பிடித்துத் தலைகீழாகத் தூக்குவது, தோளில் போட்டுச் சுற்றுவது, வயிற்றை அமுக்கித் தண்ணீர் எடுப்பது எல்லாம் நம் ஊரில் வழக்கம். எல்லாமே நேரத்தை வீணாக்கும், வயிற்றில் இருப்பது நுரையீரலுக்குள் போகவும் வழி செய்யும். அவருக்குத் தேவை காற்று. மல்லாக்கப் படுக்கவைத்து, தலையைப் பின்னால் சாய்த்து, தாடையை உயர்த்தி, மூக்கைப் பிடித்துக்கொண்டு வாயோடு வாய் வைத்து நெஞ்சு எழும்பும்படி சில தடவை ஊதவேண்டும். பிறகும் அசைவில்லை என்றால் நெஞ்சின் நடுவே இரண்டு கையையும் ஒன்றன்மேல் ஒன்றாக வைத்து நிமிடத்துக்கு 100 முதல் 120 என்ற வேகத்தில் 30 தடவை நன்றாக அழுத்தி, 2 தடவை ஊதி, ஆம்புலன்ஸ் வரும்வரை இப்படியே தொடரவேண்டும். மூச்சு இருந்து நினைவு மட்டும் இல்லை என்றால் ஒருக்களித்துப் படுக்கவைக்கவேண்டும்.

எழுந்து உட்கார்ந்து நன்றாகப் பேசினாலும் வீட்டுக்கு அழைத்துப் போகாமல் ஆஸ்பத்திரிக்கே கொண்டுபோங்கள். நுரையீரலுக்குள் போன தண்ணீர் சில மணி நேரம் கழித்தும் மூச்சைச் சிரமப்படுத்தலாம். மருத்துவர் கேட்டால், முங்கும் முன் வேகமாக மூச்சு விட்டான் என்பதையும் மறைக்காமல் சொல்லுங்கள்.